கித்தாப் பால் என்று சொல்லிவிட்டேன்

குருண் பெரிய சாலையில் கோழி லாரி கவிழ்ந்தது பலருக்கு ஞாபகம் இருக்கும். நோய்க்காலத்துக் கதவடைப்பெல்லாம் முடிந்து, ஆட்கள் முகமூடியைக் கழுத்துக்கு இறக்கிவிட்டு நடமாடத் தொடங்கியிருந்த சமயம். சாலை முழுக்க வெள்ளைக் கோழி. போலீஸ்காரர் ஒருவர் தொப்பியைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு கோழி துரத்தினார். இரண்டு நாளைக்கு எங்கள் தாமான் குடியிருப்பில் எந்த வீட்டைத் தாண்டினாலும் கோழிக்கறி வாசம்தான்.

அதற்கு அடுத்த வாரம்தான் அந்த மனிதர் வந்தார். எனக்கு வருடம் சரியாகச் சொல்ல வராது. வாரம் தெரியும்.

அவர் வந்து நான்காம் நாள் காலை. என் மனைவி சரசு கித்தா மரத்தடியில், கவிழ்த்துப் போட்ட பால் வாளிமேல் உட்கார்ந்திருக்கிறாள். ரப்பர் மரத்தை நாங்கள் கித்தா மரம் என்றுதான் சொல்வோம். முன்னால் கேமரா. மழை பெய்து விட்டிருந்தது. இலையிலிருந்து சொட்டு அவள் தோளில் விழுகிறது, அவள் துடைக்கவில்லை. நான் பக்கத்தில், படத்தில் விழாத இடத்தில் நிற்கிறேன். கேமராவுக்குப் பின்னால், கஜகஸ்தான் என்ற நாட்டிலிருந்து வந்த சினிமா டைரக்டர்.

அன்றைக்கு நான் ஒரு வார்த்தை கூடுதலாகச் சொன்னேன். ஒரே ஒரு வார்த்தை. அதைப் பற்றித்தான் இந்த வாரம் எழுதுகிறேன்.

கயிறு அய்யா

அவர் பெயர் கைர்பெக். எங்கள் வாயில் நுழையவில்லை. முதல் நாளே கயிறு அய்யா ஆகிவிட்டார். முகத்தைப் பார்த்தால் சீனர் என்று நினைப்பீர்கள். சோற்றில் கை வைக்கும் முன் பிஸ்மில்லா சொல்வார். என்னைவிட இரண்டு மூன்று வயது கூட இருக்கும். முழங்கால் வலி. வேனில் ஏறும்போது கதவைப் பிடித்துக்கொண்டு ஏதோ முனகுவார். அது கஜக் மொழியில் கெட்ட வார்த்தை என்று பிறகு தெரிந்தது.

நான் அப்போது தொழிற்சாலை ஆட்களை ஏற்றி இறக்கும் வேன் ஓட்டிக்கொண்டிருந்தேன். அந்த வேனைத்தான் படக்காரர்கள் வாடகைக்குப் பேசினார்கள். வேனோடு சேர்த்து என்னையும் பேசிவிட்டார்கள். பழைய தோட்டத்து ஆட்களை எனக்குத் தெரியும், மலாயும் வரும் என்பதால்.

கூட வந்தவள் நூருல். ஜித்ரா பக்கத்து மலாய்ப் பெண். ரஷ்யாவில் டாக்டருக்குப் படித்துவிட்டு வேலைக்குக் காத்திருந்தாள். அவர் ரஷ்ய மொழியில் கேட்பார், நூருல் மலாயில் சொல்வாள், நான் தமிழில் சொல்வேன். பதிலும் அதே வழியில் திரும்பிப் போகும். நடுவில் நான் ஒரு குழாய் மாதிரி.

சரசுவை அவர் முதல் நாளே "அபா" என்று கூப்பிட்டார். அவர்கள் மொழியில் அக்கா, அம்மா என்று மரியாதையாம்.

"அப்பாவா?" என்றாள் சரசு. "எனக்கு மீசை இருக்கா பாக்கச் சொல்லுங்க."

நான் சொன்னேன், நூருல் சொன்னாள், அவர் சரசுவின் முகத்தை உற்றுப் பார்த்துவிட்டு, கொஞ்சம் இருக்கிறது என்றார். சரசு வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். அன்றிலிருந்து அவருக்கு எங்கள் வீட்டில்தான் சாப்பாடு. குதிரைக் கறி தின்கிற ஆள் என்று தெரிந்தபோது மட்டும் இரண்டு நாள் அவர் தட்டைத் தனியாக வைத்தாள்.

"குதிரைய எப்படிங்க திங்க மனசு வருது?"

"நீங்கள் கோழியைச் சாலையில் துரத்தித் தின்றீர்களாமே" என்று அவர் கேட்டார். அதற்கும் சிரித்தாள்.

மஞ்சள் பூவை நோண்டியவள்

அவர் எதற்கு இங்கே வந்தார் என்பதை வேனில் போகும்போது கொஞ்சம் கொஞ்சமாகச் சொன்னார். முதலில் நான் நம்பவில்லை.

அவர்கள் ஊர் மலையடிவாரத்தில் ஒரு செடி உண்டாம். முழங்கால் உயரம்கூட இல்லை, மஞ்சள் பூ. வேரை ஒடித்தால் உள்ளே பால். இழுத்தால் நூல் நூலாக வருமாம். அதிலிருந்து ரப்பர் எடுத்திருக்கிறார்கள். உலகச் சண்டை நேரத்தில் ஜப்பான்காரன் இங்கே வந்துவிட்டான், நம் ஊர்க் கித்தா அந்தப் பக்கம் போகவில்லை. லாரிக்கு டயர் வேண்டும். அதனால் அவர் அம்மாவும் அந்த ஊர்ப் பெண்களும் வயலில் மண்டி போட்டு, பூவை வேரோடு நோண்டினார்கள். வேன் கண்ணாடித் தூசியில் அந்தப் பூவை விரலால் வரைந்து காட்டினார்.

"உங்கள் மரம் நின்றதால் என் அம்மா குனிந்தாள்" என்றார். நூருல் இதை இரண்டு தரம் சொல்ல வேண்டியிருந்தது, எனக்குப் புரிய.

என் பெரியப்பாவை அதே ஜப்பான்காரன்தான் சயாமில் ரயில் பாதை போட இழுத்துக்கொண்டு போனான். கட்டியிருந்த வேட்டியோடு போனவர், திரும்பவில்லை. என் அப்பா சாகும்வரை தண்டவாளத்தை மிதிக்க மாட்டார். குருண் ஸ்டேஷனில் கடக்க வேண்டி வந்தால் தாண்டிக் குதிப்பார். இதை நான் கயிறு அய்யாவிடம் சொன்னேன். அவர் நோட்டை எடுத்து எழுதிக்கொண்டார். எங்கள் வீட்டுச் செய்தியை ஒருவர் எழுதிக்கொண்டது அதுதான் முதல் தடவை.

அவர் மாஸ்கோவில் போய்ப் படம் எடுக்கப் படித்தவர். முதல் படத்தில் ஒரு பெண் ரயில் நிற்காத ஊரில் ரயிலுக்குக் காத்திருக்கிறாள், அவ்வளவுதான் கதை. அதிகாரிகள் பார்த்துவிட்டு, இதில் ஒருத்தர்கூடச் சிரிக்கவில்லையே என்று கேட்டுப் படத்தை டப்பாவில் போட்டு மூடி வைத்துவிட்டார்கள். பத்து வருடத்துக்கு மேல் டப்பாவிலேயே கிடந்தது. அதற்குள் அவர்கள் நாடு ரஷ்யாவிலிருந்து பிரிந்தது. டப்பாவைத் திறந்தபோது பாதிப் படம் பூசணம் பிடித்திருந்தது. மீதியை எங்கேயோ வெளிநாட்டில் போட்டுக் காட்ட, எல்லாரும் எழுந்து நின்று கை தட்டினார்களாம். அவர் ஊருக்குத் திரும்பினால், அவர் வேலை பார்த்த ஸ்டூடியோவில் விளக்குகளைக் கழற்றி விற்றுக்கொண்டிருக்கிறார்கள்.

பிறகு கல்யாண வீடியோ எடுத்தார். அதிலும் நிலைக்கவில்லை.

"சிரிங்கள் என்று சொல்ல வேண்டும். நான், சிரிக்க வேண்டாம், சும்மா இருங்கள் என்பேன். மாப்பிள்ளை வீட்டுக்காரன் அடிக்க வந்துவிட்டான்."

இன்னும் இரண்டு படம் எடுத்தார். ஒன்றை யாரும் பார்க்கவில்லை, ஒன்று பாதியில் நின்றது. மனைவி பிரிந்து போனாள். அதைச் சொல்லும்போது அவர் குரலில் ஒன்றும் இல்லை, மழை வரும்போல என்று சொல்வது மாதிரி சொன்னார். கடைசியாக ஒரு படம். அம்மா நோண்டிய பூவும் நாங்கள் பால் வெட்டிய மரமும் சேர்ந்த படம். அதற்குத்தான் இந்த வயதில், இந்த முழங்காலோடு வந்திருந்தார்.

எங்கள் பழைய தோட்டத்தில் இப்போது கித்தா ஏது? எல்லாம் எண்ணெய்க்குப் போடும் செம்பனை. ஒரு மலாய்க்காரப் பெரியவரின் துண்டு நிலத்தில் கொஞ்சம் மரம் மிச்சம் இருந்தது. அங்கேதான் கேமராவை வைத்தார்.

வாளிமேல் உட்கார்ந்தவள்

எல்லாரிடமும் அவர் கேட்டது ஒரே கேள்வி. வேலைக்குப் போனதில் மறக்க முடியாத நாள் எது?

எங்களோடு வேலை செய்த ஒருவர், பெரட்டுக்கு நிற்கும்போது இடி விழுந்த கதையைச் சொன்னார். விடிகாலையில் ஆட்களை வரிசையாக நிறுத்திப் பேர் கூப்பிடுவதைத்தான் பெரட்டு என்போம். இன்னொரு அம்மா, வேலை வாங்கும் மண்டோரைப் பால் வெட்டும் உளியால் துரத்தியதைச் சொன்னார். சரசுவிடம் ஒரு மலைப்பாம்புக் கதை உண்டு. மரத்து வேர் என்று நினைத்து அதன்மேல் கால் வைத்த கதை. தாமான் முழுக்கத் தெரியும்.

"சொல்லவா?" என்று என்னைக் கேட்டாள்.

"சொல்லு. மலைப்பாம்புதானே" என்றேன்.

அவள் மார்க்கெட்டில் மீன் வாங்கும் அளவுக்கு மலாய் பேசுவாள். அன்று தமிழிலேயே சொன்னாள். என்னைப் பார்க்கவில்லை. கேமராவையும் பார்க்கவில்லை. அந்த மனிதரைப் பார்த்துச் சொன்னாள்.

"பாம்பு இல்லங்கய்யா. எங்க மொதப் புள்ள, பொம்பளப் புள்ள, செத்து மூணா நாளு வெட்டுக்குப் போனேன். இவருதான் போகச் சொன்னாரு. வீட்டுல உக்காந்தா பைத்தியம் புடிச்சிரும், போயி நாலு மரம் வெட்டுன்னாரு. போனேன். புள்ள இல்ல, பாலு மட்டும் ஊறுது. நெஞ்சு ரெண்டும் கல்லாட்டம். பாலு கட்டிக்கிச்சு. கையத் தூக்க முடியல, உளி புடிக்க முடியல. ஒரு மரத்தடியில அப்படியே குந்தி, மங்குல பீச்சிட்டேன். கித்தாப் பாலும் என் பாலும் ஒண்ணாக் கெடந்துச்சு. எது எதுன்னு தெரியல. கீழ ஊத்த மனசு வரல. வாளியில ஊத்தி ஸ்டோருக்குக் கொண்டு போயிட்டேன். எந்த டயர்ல, எங்க ஓடுச்சோ, எம்புள்ள பாலு."

மங்கு என்பது மரத்தில் கட்டியிருக்கும் சின்னக் கிண்ணம். மரத்துப் பால் அதில்தான் சொட்டும். அதை வாளியில் சேர்த்து ஸ்டோரில் எடை போடுவோம்.

பிள்ளைக்கு மூன்று மாதம். நாங்கள் பால் வெட்டில் இருந்தபோது, பிள்ளைகளை விட்டுப்போகும் ஆயாக் கொட்டகையில் காய்ச்சல் வந்து, வலிப்பு வந்து, ஆள் ஓடிவந்து சொல்வதற்குள் முடிந்துவிட்டது. அது எனக்குத் தெரியும். குழி தோண்டியவன் நான். மூன்றாம் நாள் அவளை வெட்டுக்குப் போகச் சொன்னதும் தெரியும். மங்கில் நடந்தது தெரியாது. இத்தனை வருடத்தில் அவள் சொன்னதில்லை. அந்தக் காலையில், அந்தக் கேமராவுக்கு முன்னால்தான் நானும் முதல் தடவை கேட்டேன்.

நூருல் என்னைப் பார்த்தாள். "அங்கிள், என்ன சொன்னாங்க?"

மலாயில் சூசூ என்றால் பால். கெத்தா என்றால் நம் கித்தா. இரண்டையும் சேர்த்தால் மரத்துப் பால். தமிழில் எங்களுக்கு இரண்டுக்கும் பால்தான். தோட்டத்தில் பால் என்று சொன்னால் பாதி நேரம் மரம்தான் ஞாபகம் வரும்.

"சூசூ கெத்தா பெக்கு. ருகி லா" என்றேன். கித்தாப் பால் உறைந்துபோய்விட்டது, நஷ்டம்.

"அவ்வளவு நேரம் பேசினாங்களே?"

"தமிழ் அப்படித்தான், நீளம்" என்றேன்.

சரசுவின் பேச்சிலும் நடுவில் கித்தா என்ற சொல் வந்திருந்ததால் நூருல் நம்பிவிட்டாள். ரஷ்ய மொழியில் சொன்னாள். கைர்பெக் எங்களைப் பார்க்கவில்லை. சரசுவையே பார்த்துக்கொண்டிருந்தார். கொஞ்ச நேரம் கழித்து ஒன்று கேட்டார். அன்று எத்தனை மரத்துப் பால் வீணாயிற்று?

நான் சரசுவிடம் அதைக் கேட்டேன். என் வாயால் கேட்டேன்.

அவள் என் பக்கம் திரும்பினாள். கெத்தா என்ற வார்த்தை அவளுக்குத் தெரியாதா? பிறந்ததிலிருந்து அந்த மரத்தடியில் இருந்தவள்.

"ஒரு மரம்" என்றாள்.

வீட்டுக்கு வந்து, வாசல் குழாயில் கால் கழுவிக்கொண்டே கேட்டாள்.

"கித்தாவா?"

நான் வேன் சாவியைத் தேடுவதுபோல் உள்ளே போய்விட்டேன்.

கோலா கெடா போகும் வழி

மறுநாள் அவருக்குக் கடல் பார்க்க வேண்டும் என்று கோலா கெடாவுக்குக் கூட்டிப்போனேன். அவர் ஊரிலிருந்து எந்தப் பக்கம் போனாலும் கடலுக்கு ரொம்ப தூரமாம். இரண்டு பக்கமும் வயல். நாற்று நட்ட புதிது, தண்ணீரில் வானம் தெரிந்தது.

வழியில் அவராகவே பேச ஆரம்பித்தார். அவர் பிறப்பதற்கு முன்னால் ஒரு அக்கா இருந்தாளாம். அம்மா பூ நோண்டுகிற வயலில், வரப்பில் துணி விரித்துக் கிடத்தியிருந்தபோதே செத்துப்போனாளாம். அம்மா அவரிடம் சொன்னதே இல்லை. அம்மா போன பிறகு சித்தி சொல்லித்தான் தெரியும். பிள்ளையைப் புதைத்துவிட்டு மறுநாளே அம்மா வயலுக்குப் போனாள் என்றும் சித்தி சொல்லியிருக்கிறாள்.

"அன்றைக்கு என் அம்மாவின் முகம் எப்படி இருந்திருக்கும்? நான் எடுத்த எல்லாப் படத்திலும் அதைத்தான் தேடினேன். ரயிலுக்குக் காத்திருந்தாளே, அந்தப் பெண்ணும் அதற்காகத்தான். கிடைக்கவில்லை. இப்போது உங்கள் ஊர்வரை வந்துவிட்டேன்."

இதை நூருல் மலாயில் சொல்லி முடித்தாள். நான் கியரை மாற்றினேன். அவர் தேடிய முகம் முந்தின நாள் காலை அவருக்கு முன்னால் வாளிமேல் உட்கார்ந்திருந்தது. வேனை ஓரமாக நிறுத்தி, நேற்று நான் சொன்னது தப்பு என்று சொல்ல எவ்வளவு நேரம் ஆகியிருக்கும்?

கோலா கெடாவில் மீன் சாப்பிட்டோம். லங்காவி தீவுக்குப் படகு கிளம்புவதை அவர் படம் எடுத்தார். திரும்பி வந்துவிட்டோம். அந்த வாரக் கடைசியில் அவர் ஊருக்குப் போய்விட்டார். போகும்போது சரசுவின் கையை எடுத்துத் தன் நெற்றியில் வைத்துக்கொண்டார்.

போனில் கேட்டது

பல மாதம் கழித்து ஒரு மாலை நூருல் கூப்பிட்டாள். முன்னறையில் நான் இருந்தேன். சரசு எதிரே தரையில் உட்கார்ந்து முருங்கைக்கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். போனைச் சத்தமாகத்தான் வைத்துப் பேசுவேன், காது மந்தம்.

"அங்கிள், கைர்பெக் கேட்கச் சொன்னார். அந்த அம்மாவின் முகம் கித்தாவைப் பற்றிப் பேசுகிற முகம் இல்லை என்கிறார். தினமும் அதையே போட்டுப் பார்க்கிறாராம். உறைஞ்சு போன கித்தாவுக்கு யாரும் இப்படிப் பார்க்க மாட்டாங்க, இன்னொரு தரம் கேட்டுச் சொல்லுங்கன்னு கெஞ்சுகிறார்."

சரசுவின் கை கீரையில் நின்றது.

"பெத்துல் லா. கெத்தா சாஜா" என்றேன். உண்மைதான், கித்தா மட்டும்தான்.

போனை வைத்தேன். அவள் மடியில் ஒட்டிய கீரைக் காம்பைத் தட்டில் உதறினாள். பிறகு சொன்னாள்.

"எங்கேயோ குதிர திங்கிற ஊர்க்காரரு. அவரு ரெண்டு தரம் கேக்குறாரு. நீங்க ஒரு தரம் கூடக் கேக்கல."

தட்டை எடுத்துக்கொண்டு உள்ளே போனாள். கோபமாகக்கூடப் போகவில்லை.

ஏன் அப்படிச் சொன்னேன் என்று இதுவரை எனக்கு நானே ஒரு காரணம் சொல்லி வந்தேன். கட்டின மனைவியின் மார்பைப் பற்றி, மகள் வயசுப் பெண்ணிடம், அந்நிய ஆணுக்கு முன்னால் எப்படிச் சொல்வது? கூச்சம். நம் ஆண்கள் எல்லாருக்கும் இருக்கிற கூச்சம்தானே என்று.

அது முதல் நாளைக்கு வேண்டுமானால் சரி. இரண்டாம் தரம் போனில் எனக்குக் கூச்சம் இல்லை. சூசூ என்று மட்டும் சொன்னால், பிறகு முழுசும் சொல்ல வேண்டும். முழுசும் சொன்னால், 'இவருதான் போகச் சொன்னாரு' என்பதையும் சொல்ல வேண்டும். அந்த மனிதர் அதற்கப்புறம் என் முகத்தையும் அப்படி உற்றுப் பார்ப்பார்.

யாராவது போனால்

அடுத்த வருடம் சரசுவுக்கு ரத்தக் கொதிப்பு ஏறி ஒரு பக்கம் விழுந்துவிட்டது. அலோர் ஸ்டார் ஆஸ்பத்திரியில் வைத்திருந்தோம். பேச்சு வரவில்லை. கண் மட்டும் திறந்திருந்தது. ஒன்பதாம் நாள் போய்விட்டாள். மூத்த பிள்ளைக்குப் பிறகு பிறந்த எங்கள் இரண்டு பையன்களும் வந்து காரியம் செய்துவிட்டு, ஒருவன் ஜொகூருக்கும் ஒருவன் பினாங்குக்கும் போய்விட்டார்கள்.

பதினாறாம் நாள் கழிந்ததும் நான் நூருலைக் கூப்பிட்டேன். அவளுக்கு இப்போது சபாவில் ஆஸ்பத்திரி வேலை. முழுசையும் சொன்னேன். மங்கு, வாளி, ஸ்டோர், போகச் சொன்னது நான் என்பது வரைக்கும். அவள் கடைசிவரை கேட்டாள்.

"அங்கிள், அவர் போன பனிக்காலத்திலேயே இறந்துட்டார்" என்றாள்.

படம் முடியவில்லையாம். எடுத்ததெல்லாம் ஒரு பெட்டியில் அவர் மகளிடம் இருக்கிறதாம். மகள் வீடு மாறிவிட்டாள். நூருல் கூப்பிட்ட நம்பரை யாரும் எடுக்கவில்லை. சரசு பேசுகிற இடத்தில் கீழே ரஷ்ய எழுத்தில் எழுதிக் கொடுத்ததும் நூருல்தான். 'அன்று கித்தாப் பால் உறைந்துவிட்டது. நஷ்டம்.' அவ்வளவுதான் இருக்கிறதாம்.

சரசுவின் குரல் வேறு எங்கேயும் இல்லை. கல்யாணப் படத்தில் நிற்கிறாள், அடையாள அட்டையில் இருக்கிறாள், பேசுவது அந்தப் பெட்டியில் மட்டும்தான். அவள் பேசுகிறாள், கீழே என் பொய் ஓடுகிறது. அங்கே யாருக்கும் தமிழ் தெரியாது. பெட்டியை இந்நேரம் எதிலாவது தூக்கிப் போட்டிருந்தாலும் நான் ஆச்சரியப்பட மாட்டேன். அவர் முதல் படம் கிடந்த மாதிரி பத்து வருடம் கிடந்தால் நான் இருக்க மாட்டேன்.

இதைப் படிக்கிறவர்களில் யார் பிள்ளையாவது அந்தப் பக்கம் படிக்கப் போயிருக்கலாம். எண்ணெய்க் கம்பெனி வேலைக்குப் போகிறவர்கள் இருக்கலாம். நீங்கள் போகாவிட்டாலும், போகிறவர் காதில் போடுங்கள். கைர்பெக் என்று ஒரு வயசான டைரக்டர் இருந்தார், குருண் பக்கத்தில் கித்தா மரத்தடியில் ஒரு அம்மாவைப் படம் பிடித்தார் என்று விசாரிக்கச் சொல்லுங்கள். அவர் மகளைப் பார்த்தால், உங்கள் அப்பா சந்தேகப்பட்டது சரிதான் என்று முதலில் சொல்லச் சொல்லுங்கள்.

பிறகு கீழே இருக்கிற எழுத்தை அழிக்கச் சொல்லுங்கள். அது மரத்துப் பால் இல்லை. பிள்ளைக்கு வள்ளி என்று பேர் வைத்திருந்தோம். அவள் குடிக்க வேண்டிய பால்.

மூன்றாம் நாள் போகச் சொன்னது புருஷன்தான் என்பதையும் விடாமல் எழுதச் சொல்லுங்கள். அது சரசு சொன்னது.